டிரைவர் அண்ணன் வெட்டிய ரிப்பன்

எங்கள் கம்பெனி பெயிண்ட் செய்கிறது. கூடவே ஊருக்கு நல்லதும் செய்கிறது. நல்லது செய்யும் பிரிவில் நான் குமாஸ்தா. அதன் வேனை ஓட்டுபவரை எல்லோரும் டிரைவர் அண்ணன் என்போம். திறப்பு விழா எங்கே நடந்தாலும் ரிப்பன், தட்டு, கத்தரிக்கோல் எல்லாம் அவர் வண்டியில்தான் போகும். பன்னிரண்டு வருடமாகக் கட்டுவது அவர், வெட்டுவது பெரிய மனிதர்கள்.

ஒரு பள்ளிக்கூடத்துச் சுவருக்கு மட்டும் மூன்று தடவை பெயிண்ட் அடித்தோம். போட்டோவில் சுவர் பளிச்சென்று விழும், வேறென்ன வேண்டும்? ஆனால் அங்கே பெண்பிள்ளைகளின் கழிப்பறைக்குக் கதவே கிடையாது. அண்ணனின் மகள் அங்கேதான் எட்டாவது படித்தாள். பகலெல்லாம் தண்ணீர் குடிக்காமல் அடக்கிக்கொண்டிருந்து, சாயங்காலம் பையைக்கூடக் கழற்றாமல் வீட்டுக் குளியலறைக்கு ஓடுவாள். நீர்க்கடுப்பும் காய்ச்சலுமாக இரண்டு தடவை படுத்துவிட்டாள். அண்ணன் இதைச் சொன்னபோது எனக்கு வெட்கமாகப் போய்விட்டது. அந்தச் சுவரைப் புகழ்ந்து நான்கு பக்கம் எழுதியவன் நான்தான்.

இருவருமாக நச்சரித்து மேனேஜரிடம் கையெழுத்து வாங்கினோம். கதவு வந்தது, தாழ்ப்பாள் வந்தது. அண்ணன் குறுக்கே ரிப்பனும் கட்டினார். வெட்ட வேண்டிய முதலாளிதான் வெளிநாட்டிலிருந்து வந்தபாடில்லை. அதுவரை ஒருத்தரும் உள்ளே போகக்கூடாது என்று மேனேஜர் உத்தரவு போட்டார். பிள்ளைகள் புதுக் கதவைப் பார்த்துக்கொண்டே அடக்கினார்கள்.

பத்தாம் நாள் மகளுக்கு மறுபடி காய்ச்சல். அண்ணன் நேராகப் பள்ளிக்கூடம் போய் ரிப்பனை வெட்டிவிட்டு வந்தார்.

மேனேஜர் வானத்துக்கும் பூமிக்கும் குதித்தார். "உனக்கு யாருய்யா அதிகாரம் குடுத்தது?"

"யாரும் குடுக்கல சார். முதலாளி வர்ற அன்னிக்குத் திரும்பக் கட்டிடறேன். நிறைய ரிப்பன் இருக்கு."

"கட்டு. ஆனா விஷயம் வெளிய தெரிஞ்சுது, உன் வேலை போச்சு."

முதலாளி வந்தார். புது ரிப்பன், கைதட்டத் தயாராக டீச்சர்கள், கேமராக்காரர், எல்லாம் கச்சிதம். அவர் கத்தரிக்கோலைக் கையில் எடுத்த நேரத்தில் உள்ளே தண்ணீர் ஊற்றும் சத்தம் கேட்டது. தாழ்ப்பாள் விலகியது. ரிப்பனுக்கு அடியில் குனிந்து வெளியே வந்தாள் அண்ணனின் மகள். மேனேஜர் முகம் எங்கள் சுவரைவிட வெளுத்துப் போனது.

"உள்ள எப்பிடிம்மா போன?" என்றார் முதலாளி.

"அப்பா திறந்து ஒரு மாசமாச்சு சார். எல்லாரும் போறோம்."

முதலாளி அவளைப் பார்த்தார், ரிப்பனைப் பார்த்தார், கடைசியாக மேனேஜரைப் பார்த்தார்.

"இத்தனை வருஷத்துல எத்தனையோ திறந்து வெச்சிருக்கேன். உள்ளயிருந்து ஒரு ஆள் வந்து இன்னிக்குத்தான்யா பாக்கறேன்."

கத்தரிக்கோலை அண்ணன் கையில் கொடுத்துவிட்டு, அவரே முதல் ஆளாகக் கைதட்டினார்.