தோற்றவருக்கு வந்த சாம்பியன் பட்டம்

தொண்ணூறுகளின் நடுவில், நூற்பாலை இயந்திரங்களை இறக்குமதி செய்யும் கோவை அலுவலகம் ஒன்றில் நான் வேலை பார்த்தேன். ஜெர்மன் கையேடுகளைத் தமிழாக்குவதுதான் என் வேலை. ஊரில் யாருக்கு ஜெர்மன் கடிதம் வந்தாலும் என்னிடம் அனுப்பிவிடுவார்கள். பெரும்பாலும் விலைப்பட்டியலாகத்தான் இருக்கும்.

ஒருநாள் கோவையின் கணபதிப் பகுதியிலிருந்து ஒரு பெரியவர் வந்தார். பம்ப்செட் பட்டறைக்காரர். வேட்டிக்குக் கீழே வெள்ளை கேன்வாஸ் ஷூ.

“ஏனுங்க அம்மணி, இதுல என்ன எழுதியிருக்குதுங்க?” என்று உறையை நீட்டினார்.

நான் பிரிப்பதற்குள் அவரே கதையைத் தொடங்கிவிட்டார். ஐம்பதுகளில் நூற்பு படிக்க அவரை அப்பா ஜெர்மனிக்கு அனுப்பியிருக்கிறார். இவரோ கோடை விடுமுறை முழுக்க ஊர் ஊராகப் போய் டென்னிஸ் ஆடியிருக்கிறார். பரிசுப்பணம் கிடையாது. சாப்பாடும் படுக்கையும் தருவார்கள். அங்கெல்லாம் செம்மண் தரை. பந்து மெதுவாக எழும்பும், ஆட்டம் லேசில் முடியாது.

“எத்தனை ஊருல ஜெயிச்சீங்கய்யா?”

“ஜெயிக்கறதுங்களா? போன ஊருலெல்லாம் மொத ரவுண்டுலயே தோத்துப்போட்டேனுங்க. ஒரு ஊருல மட்டும் எதிராளிக்குக் காய்ச்சலு. அங்க ரெண்டாவது ரவுண்டுல தோத்தேன்.”

வெட்கமே இல்லாமல் சொன்னார். கடிதத்தைப் படித்தேன். ஒரு சிற்றூர் டென்னிஸ் சங்கத்தின் செயலாளர் எழுதியிருந்தார். அவர்கள் ஊர் ரொட்டிக்கடைக்காரர் இறந்துவிட்டாராம். ‘இந்தியச் சாம்பியனை நான் தோற்கடித்தேன்’ என்று ஆயுள் முழுக்கச் சொல்லிக்கொண்டிருந்தவர். அதைச் சங்கத்துச் சுவரில் பொறிக்க வேண்டும் என்று அவர் மனைவிக்கு ஆசை. உறுப்பினர்கள் சிலருக்குச் சந்தேகம். நீங்கள் சாம்பியன்தான் என்று உறுதிப்படுத்த முடியுமா?

பெரியவர் சிரித்தார். பிறகு சிரிப்பு நின்றுவிட்டது.

“அந்த மனுசன் போயிட்டானுங்களா? ஆட்டம் முடிஞ்சதும் ஊட்டுக்குக் கூட்டிட்டுப் போனானுங்க. நான் கறி திங்க மாட்டேன்னு அந்தம்மா தனியா உருளைக்கெழங்கு அவிச்சு வெச்சாங்க.”

“நீங்க சாம்பியனாய்யா?”

“காலேஜுலயே நான் ரெண்டாவதுதானுங்க.”

“அப்ப இல்லைன்னு எழுதிடட்டுங்களா?”

“ஆமான்னே எழுதிப்போடுங்க அம்மணி. அந்தாளு ஜெயிச்சது நெசந்தானுங்களே.”

அதுவரை எண்ணெய் மாற்றும் முறையையும் உதிரிபாகங்களையும் மட்டுமே கண்ட என் ஜெர்மனில் முதல் பொய்யை எழுதினேன். இலக்கணத்தை இரண்டு முறை சரிபார்த்தேன். அவர் அழகாகக் கையெழுத்திட்டார்.

சில மாதங்களில் ஒரு புகைப்படம் வந்தது. சுவரில் பித்தளைத் தகடு, பக்கத்தில் அந்த அம்மாள். பெரியவரின் மகன் அதைச் சட்டம் போட்டு, கீழே ‘இந்தியச் சாம்பியன்’ என்று தமிழில் எழுதிப் பட்டறையில் மாட்டிவிட்டான். பம்ப்செட் வாங்க வந்தவர்களெல்லாம் சாம்பியனுக்குக் கை கொடுத்துவிட்டுப் போனார்கள். “நான் தோத்தவனுங்க” என்று அவர் சொல்லச் சொல்ல, “எவ்வளவு அடக்கம் பாருங்க” என்றார்கள்.

ஒரு கல்லூரியில் பரிசு வழங்கக் கூப்பிட்டார்கள். என்னையும் அழைத்துப் போனார். மைக்கைப் பிடித்து, தோற்ற ஊர்களின் பெயர்களை ஒன்றுவிடாமல் சொன்னார். வெற்றி பெற்ற ஊர்கள் என்று நினைத்து, ஒவ்வொரு பெயருக்கும் மாணவர்கள் கைதட்டினார்கள்.

கீழே இறங்கி வந்தவர் என் காதருகே குனிந்து, “நெசத்தைச் சொன்னா ஒருத்தனும் நம்ப மாட்டேங்கறானுங்க அம்மணி” என்றார். ஆனால் கழுத்தில் போட்ட மாலையை வீடு போய்ச் சேரும்வரை அவர் கழற்றவில்லை.