ஒன்றுவிட்ட தங்கை

வேன் அக்காவுக்குப் பொறுமை கிடையாது. அவள் ஓட்டுகிற பள்ளிக்கூட வேனில் பிள்ளைகளை அனுப்புகிற வீடுகளுக்கெல்லாம் இது தெரிந்த விஷயம். வாசலில் நிறுத்தி இரண்டு முறை ஹாரன் அடிப்பாள். அதற்குள் பிள்ளை வந்து ஏறவில்லையென்றால் கண்ணாடியை இறக்கிவிட்டு, "ஷூவைக் கையில கொடுத்து அனுப்புங்க, வண்டியில போட்டுக்கட்டும்! பள்ளிக்கூடத்துல கேட்டை மூடிட்டா நீங்களா வந்து ஏறிக் குதிப்பீங்க?" என்று தெருவுக்கே கேட்கும்படி கத்துவாள். நாற்பதைத் தாண்டியும் ஏன் கல்யாணம் செய்துகொள்ளவில்லை என்று வாயைக் கிளறுகிறவர்களிடம், "லைசென்ஸ் எடுத்தேன், அதுவே போதும்" என்பாள். அவளைக் காக்க வைத்துவிட்டு வாங்கிக் கட்டிக்கொள்ளாமல் தப்பித்தவர் யாரும் இல்லை, சிறைத்துறை அலுவலகத்தின் மூன்றாம் ஜன்னலைத் தவிர.

கைதிகளைப் பார்க்க அனுமதி கேட்டு விண்ணப்பிப்பது அந்த ஜன்னலில்தான். எதிரே ஒரே ஒரு பெஞ்சு. அதன் ஒரு கால் குட்டையாக இருந்ததால் ஓரத்தில் உட்கார்ந்தவர் எழுந்தால் நடுவில் இருப்பவர் சரிவார். ஜன்னலுக்கு அந்தப் பக்கம் இருந்த எழுத்தருக்கு ஏசிக்கு நேர் கீழே நாற்காலி போட்டிருந்தார்கள். வெளியே வெயில் கொளுத்த, அவர் கழுத்து வரை பொத்தான் போட்ட ஸ்வெட்டரில் இருந்தார். முதல் நாளே அவள் மனசுக்குள் அவருக்கு ஸ்வெட்டர் என்று பெயர் வைத்துவிட்டாள்.

விண்ணப்பத்தில் 'கைதிக்கும் உங்களுக்கும் உள்ள உறவு' என்று ஒரு கட்டம் இருந்தது. யோசிக்காமல் 'தங்கை' என்று எழுதிக் கொடுத்தாள். ஸ்வெட்டர் அதையும் அவளுடைய அடையாள அட்டையையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தார்.

"ஏம்மா, உங்க அப்பா பேரு வேற, அவரோட அப்பா பேரு வேற. எப்படிம்மா தங்கை?"

"அவர் என் அண்ணன் சார். அப்போ நான் தங்கைதானே?"

"கூடப் பிறந்த அண்ணனா?"

"கூட வளர்ந்த அண்ணன்."

"கூட வளர்ந்ததுக்கெல்லாம் இதுல கட்டம் இல்லம்மா."

விஷயம் இதுதான். அவளுக்கு நினைவு தெரிவதற்கு முன்பே பெற்றவர்கள் இருவரும் ஒரு விபத்தில் போய்விட்டார்கள். அப்பாவின் அண்ணன் அவளைத் தூக்கிக்கொண்டு வந்து தன் வீட்டில் விட்டார். அங்கே ஏற்கெனவே ஒரு பையன் இருந்தான். அவன் அம்மா என்று கூப்பிட்டவளை அவளும் அம்மா என்று கூப்பிட்டாள். அப்பா என்றவரை அப்பா என்றாள். முறைப்படி பெரியப்பா, பெரியம்மா என்று கூப்பிடு என்று அந்த வீட்டில் யாரும் அவளைத் திருத்தவில்லை. பள்ளிக்கூடத்தில் சேர்க்கும்போது மட்டும் பெற்ற தகப்பன் பெயரைத்தான் எழுதவேண்டும் என்று தலைமை ஆசிரியர் பிடிவாதம் பிடித்ததால், பேப்பரில் அவள் வேறு வீட்டுப் பிள்ளையாகவே தங்கிப்போனாள்.

இதையெல்லாம் ஜன்னல் ஓட்டை வழியாகக் குனிந்து சொல்லி முடித்தபோது ஸ்வெட்டர் சொன்னார்: "பெரியப்பா பையன். அப்போ ஒன்றுவிட்ட தங்கைன்னு எழுதணும்."

"எதை சார் விட்டோம்?"

"என்னம்மா?"

"ஒன்றுவிட்டன்னு சொல்றீங்களே, நாங்க எதை விட்டோம்? ஒரே வீடு, ஒரே தட்டு, ஒரே அடி. எதையும் விடல சார்."

பின்னால் வரிசையில் நின்ற யாரோ சிரித்தார்கள். அந்தச் சிரிப்புதான் வினையாகப் போயிற்று. ஸ்வெட்டர் முகம் சிவந்து, சிவப்பு மையால் குறுக்கே ஒரு கோடு இழுத்து, 'தவறான தகவல்' என்று எழுதித் தள்ளிவிட்டார். புது விண்ணப்பம் வேண்டுமென்றால் செவ்வாய்க்கிழமை காலையில் வர வேண்டுமாம். வேன் அக்கா வெளியே வந்து வண்டியில் ஏறி, தேவையே இல்லாமல் நீளமாக ஒரு ஹாரன் அடித்தாள். எதிரே வருகிற பெண்களையெல்லாம் 'அம்மா, அம்மா' என்கிறாரே இந்த மனுஷன், அதற்கு எந்தப் பேப்பரைச் சரிபார்த்தார் என்று வழியெல்லாம் பொருமினாள்.

அவளுடைய அவசரத்துக்குக் காரணம் இருந்தது. அம்மா இறந்துவிட்டாள்.

அண்ணன் உள்ளே போனது ஒரு தள்ளுமுள்ளால். இந்த வேன் அப்போது அவனுடையது. வண்டி நிறுத்துகிற இடத்தில் வாய்த்தகராறு முற்றி அவன் ஒருவரைப் பிடித்துத் தள்ள, அவர் படியில் விழுந்து மண்டை உடைந்து போய்ச் சேர்ந்தார். கொல்லவேண்டும் என்று தள்ளவில்லை, ஆனால் தள்ளியது அவன்தான். அதை அவனும் மறுக்கவில்லை. அதிலிருந்து மாதத்தின் இரண்டாம் சனிக்கிழமை தவறாமல் அம்மா அவனைப் பார்க்கப் போவாள். அப்பா அதற்கு முன்பே காலமாகிவிட்டார். தாய் என்பதால் அம்மாவுக்கு நிரந்தர அட்டை உண்டு. வேன் அக்கா அம்மாவை வண்டியில் கொண்டுபோய் விட்டுவிட்டு வாசலில் காத்திருப்பாள். அம்மா வெளியே வந்து அண்ணன் சொன்னதையெல்லாம் ஒரு வார்த்தை விடாமல் ஒப்பிப்பாள். அதனால் தனக்கென்று அனுமதி கேட்க அவளுக்குத் தோன்றவே இல்லை.

ஒருமுறை அப்படி வெளியே வந்த அம்மா வேறொரு சேதி சொன்னாள். அண்ணனின் பக்கத்து அறைக்காரனுக்கு மனைவி இறந்த செய்தியைக் காலையில் ஆள் எண்ணும்போது வரிசையில் வைத்தே சொன்னார்களாம். "உன் வீட்டுக்காரி செத்துட்டா, அடுத்த ஆள்" என்று. அந்த ஆள் அன்றைக்கு வாயை மூடினவன் திறக்கவே இல்லையாம். அதைச் சொல்லிவிட்டு அம்மா, "எனக்கு ஒண்ணுன்னா நீதான் போய் அவன்கிட்ட சொல்லணும். காக்கிச்சட்டைக்காரன் யாரும் சொல்லக் கூடாது" என்றாள். "சரி, இறங்கு, வீடு வந்தாச்சு" என்று அப்போது எரிந்து விழுந்தவள்தான் இவள்.

அம்மா போனது வார விடுமுறையில், தூக்கத்திலேயே. அண்ணனைக் கடைசியாக முகம் பார்க்க வெளியே விடுவார்களா என்று கேட்கச் சிறை அலுவலகத்துக்குப் போன் அடித்து அடித்துப் பார்த்தாள், எடுக்க ஆளில்லை. அலுவலகம் திறப்பதற்குள் எல்லாம் முடிந்துவிட்டது. அண்ணனால் முகத்தைக்கூடப் பார்க்க முடியவில்லை. இனி அவனுக்குச் செய்ய மிச்சமிருப்பது ஒன்றே ஒன்று, அதைத் தன் வாயால் சொல்வது. அடுத்த இரண்டாம் சனிக்கிழமைக்குள் சொல்லியாக வேண்டும். அன்றைக்கு அவன் அம்மாவுக்காகக் காத்துக்கொண்டிருப்பான்.

செவ்வாய்க்கிழமை புது விண்ணப்பம் வாங்கினாள். பல்லைக் கடித்துக்கொண்டு 'ஒன்றுவிட்ட தங்கை' என்று எழுதினாள். அடுத்த கட்டம், 'சந்திப்பதற்கான காரணம்'. பேனாவை வைத்த இடத்திலேயே நின்றாள், ஏனென்றால் ஜன்னலுக்கு மேலே தொங்கிய பலகையை அப்போதுதான் படித்தாள். 'கைதியின் தாய், தந்தை, மனைவி, மக்கள் மரணம் எனில் செய்தி சிறை அலுவலர் மூலம் கைதிக்குத் தெரிவிக்கப்படும். இதற்கெனத் தனியாக அனுமதி கோரத் தேவையில்லை.'

உண்மையை எழுதினால் காக்கிச்சட்டை போய்ச் சொல்லிவிடும். அம்மா எது நடக்கக் கூடாது என்றாளோ அதுவே நடக்கும். உண்மையை எழுதாவிட்டால் அவசரம் ஏது? 'நலம் விசாரிக்க' என்று எழுதிக் கொடுத்தாள்.

"நலம் விசாரிக்கன்னா நெருங்கின சொந்தத்துக்குத்தாம்மா உடனே கொடுப்பாங்க," என்றார் ஸ்வெட்டர். "நீங்க ஒன்றுவிட்ட. ரெண்டு மாசம் ஆகும்."

"நீங்கதானே சார் ஒன்றுவிட்டன்னு எழுதச் சொன்னீங்க!"

"சரியா எழுதச் சொன்னேன். சீக்கிரம் கிடைக்கும்னு சொன்னேனா?"

அவளுக்கு வந்த கோபத்தில் அந்தக் கண்ணாடியை உடைத்து உள்ளே கையை விட்டு, அந்த ஸ்வெட்டரின் பொத்தான்களை ஒவ்வொன்றாகப் பிய்க்கவேண்டும் போலிருந்தது. ஆனால் இந்தக் குடும்பத்தில் கையை ஓங்கி ஒருவன் உள்ளே இருப்பது போதாதா? அதோடு மழலையர் வகுப்பு விடுகிற நேரமாகிவிட்டது. ஓடினாள்.

மறுநாள் வந்தாள். மேலதிகாரியைப் பார்க்கவேண்டும் என்றாள். கூட்டத்தில் இருக்கிறார் என்றார்கள். அதற்கடுத்த நாள் வந்தாள், லீவு என்றார்கள். அதற்கடுத்த நாள், "இருக்காரு, ஆனா பார்க்க முடியாது" என்றார் ஸ்வெட்டர். அவள் போய்ப் பெஞ்சின் நடுவில் உட்கார்ந்தாள். யார் யாரோ வந்து ஓரத்தில் உட்கார்ந்து எழுந்து போனார்கள். ஒவ்வொரு தடவையும் சரிந்து சரிந்து நிமிர்ந்தாள். அன்றைய வண்டியைத் தெரிந்த ஓட்டுநர் ஒருவரிடம் கெஞ்சி ஒப்படைத்திருந்தாள். வாழ்க்கையில் முதல் தடவையாக அவள் யாரிடமாவது கெஞ்சியது அன்றைக்குத்தான்.

அலுவலகம் மூடுகிற நேரத்தில் அதிகாரியே அறையைவிட்டு வெளியே வந்து, "நீங்க ஏன்மா இன்னும் போகல?" என்றார். மோசமான ஆள் இல்லை. கையில் சாப்பாட்டுப் பையும் முகத்தில் களைப்புமாக, வீட்டுக்குக் கிளம்பிக்கொண்டிருந்தவர். உள்ளே கூப்பிட்டு உட்கார வைத்து விண்ணப்பத்தைப் புரட்டினார்.

"நலம் விசாரிக்க இவ்வளவு அவசரமா?"

"வீட்டுல ஒரு துக்கம் சார்."

"யாரு?"

அம்மா என்ற சொல் நாக்கு நுனி வரை வந்துவிட்டது. சொன்னால் போச்சு. அவள் விழுங்கினாள். இவர்கள் பேப்பரை மட்டும்தானே பார்ப்பார்கள், பேப்பரில் உள்ளதையே சொல்வோம் என்று அந்த நொடியில் ஒரு யோசனை வந்தது. அதில் பொய்யும் இல்லை.

"என் பெரியம்மா சார்."

"அடடா. இதை முதல்லயே எழுதியிருந்தா கொடுத்திருப்பாங்களே," என்று அவரே 'நலம் விசாரிக்க' என்பதை அடித்துவிட்டு, 'மனுதாரரின் பெரியம்மா காலமானதால்' என்று எழுதிக் கையெழுத்துப் போட்டார். பெரியம்மா என்றால் கைதிக்கு என்ன முறை என்று அவர் கேட்கவில்லை. அத்தனை நாள் அலைந்தது ஒரு நிமிடத்தில் முடிந்தது. "உள்ளே அனுப்பிக் கைதிகிட்ட சம்மதக் கையெழுத்து வாங்கிடுவாங்க. அடுத்த வெள்ளிக்கிழமை போங்க," என்றார்.

இரண்டாம் சனிக்கிழமைக்கு முந்தின நாள். எப்படியோ காரியத்தைச் சாதித்துவிட்டோம் என்று படியிறங்கியவளுக்கு, வண்டியில் உட்கார்ந்ததும் அழுகை முட்டிக்கொண்டு வந்தது. அம்மா உயிரோடு இருந்தவரை ஒரு தடவைகூட அவளைப் பெரியம்மா என்று சொன்னதில்லை. செத்தபிறகு சொல்லிவிட்டாள்.

வெள்ளிக்கிழமை சந்திப்பு அறையில் கண்ணாடித் தடுப்புக்கு முன்னால் உட்கார்ந்தாள். இரண்டு பக்கமும் பேசுவதற்கு ஒரு போன். சொல்லவேண்டியதை எத்தனையோ விதமாக மனசுக்குள் சொல்லிப் பார்த்து வைத்திருந்தாள். முதலில் உட்காரச் சொல்லவேண்டும். அம்மா தூக்கத்திலேயே போனாள், கஷ்டப்படவில்லை என்று அதைத்தான் முதலில் சொல்லவேண்டும்.

அண்ணன் தலையைப் படிய வாரி, துக்கம் கேட்க வருகிறவன் மாதிரி மெதுவாக வந்தான். முடி பாதி நரைத்துவிட்டது. போனை எடுத்ததும் அவளைப் பேச விடவில்லை.

"அழாதே பாப்பா. சீட்டைக் காட்டித்தான் கையெழுத்து வாங்குனாங்க. அதுல பார்த்தேன். பெரியம்மா போயிட்டாங்களாமே."

தெரிந்துவிட்டது! தெரிந்தும் இவ்வளவு நிதானமாக நிற்கிறான். அவளுக்குத் தேக்கிவைத்த அழுகையெல்லாம் உடைந்துகொண்டு வந்தது. அவன் கண்ணாடியில் உள்ளங்கையை வைத்து, அவள் அழுது முடிக்கட்டும் என்று காத்திருந்தான்.

"நல்ல மனுஷி," என்றான். "லீவு விட்டா உன்னை மட்டும் கூட்டிட்டுப் போயிடுவாங்க. எனக்குப் பொறாமையா இருக்கும். என்ன இருந்தாலும் உன்னைப் பெத்தவங்களோட அக்கா. உன் அம்மா பக்கத்துல உனக்குன்னு மிச்சமிருந்தது அவங்க ஒருத்தர்தானே."

வேன் அக்கா நிமிர்ந்து பார்த்தாள். அவள் வாயால் பெரியம்மா என்று கூப்பிட்டது உலகத்தில் அந்த ஒருத்தியைத்தான். அது அவனுக்குத் தெரியும். சிறைத்துறைக்குத்தான் தெரியாது.

"நாளைக்கு அம்மாவைக் கூட்டிட்டு வராதே," என்று அவன் சொல்லிக்கொண்டே போனான். "ஒரு மாசம் போகட்டும், நான் ஒண்ணும் நினைச்சுக்க மாட்டேன். அவங்க வயசுக்காரங்க போயிட்டா மனசு ஆடிப்போயிடும். சும்மா சும்மா எரிஞ்சு விழாம பக்கத்துலயே இரு. சாப்பிடுறாங்களா?"

காவலர் கடிகாரத்தைப் பார்த்தார்.

"பெரியம்மா நல்லாத்தான் இருக்காங்கண்ணா," என்றாள்.

அவன் நெற்றி சுருங்கியது. "அப்புறம் சீட்டுல அப்படிப் போட்டிருந்துச்சே?"

"அதுல அம்மான்னு எழுத விடலண்ணா."