ஆரோக்கியமேரிக்குக் கிடைத்த முன்ஜாமீன்

ஆரோக்கியமேரிக்கு வாய் ஜாஸ்தி என்பது ஹைதராபாத் லாலாகுடா ரயில்வே குவார்ட்டர்ஸ் முழுக்கத் தெரியும். காய்கறி வண்டிக்காரனில் தொடங்கிப் பங்குச் சாமியார் வரை யாரையும் அவள் விட்டுவைத்ததில்லை. அப்பேர்ப்பட்டவள், மகன் மோகன் பெண்டாட்டியை அடித்தபோது மட்டும் வாயில் கொழுக்கட்டையை வைத்துக்கொண்டு பக்கத்து அறையில் உட்கார்ந்திருந்தாள். சாப்ட்வேர் பிள்ளை, அமெரிக்க விசாவுக்குக் காத்திருக்கிறான், கோபம் வரத்தான் செய்யும் என்று தனக்குத்தானே சமாதானம் வேறு.

விசா வந்ததும் மோகன் பறந்துவிட்டான். கூப்பிட்டுக்கொள்வான் என்று காத்துக் காத்துச் சலித்த மருமகள் ஷர்மிளா, மகளிர் காவல் நிலையத்தில் புகார் கொடுத்தாள். முதல் பெயர் மோகன், இரண்டாவது மாமியார். முதல் பெயர் அமெரிக்காவில் சொகுசாக இருக்க, மாட்டிக்கொண்டது இரண்டாவதுதான்.

கணவர் இருதயராஜ், வொர்க்‌ஷாப்பில் பிட்டர், கைதுக்குப் பயந்து அவளை மல்லாபூரில் தன் தங்கை வீட்டில் கொண்டுபோய் விட்டார். அங்கே ஜன்னலைத் திறக்கக்கூட அவளுக்குப் பயம். வெள்ளிக்கிழமை வந்தால் சோறு இறங்காது. அன்று சாயங்காலம் பிடித்தால் திங்கட்கிழமை கோர்ட் திறக்கும்வரை உள்ளேதான் என்று எந்தப் புண்ணியவானோ சொல்லிவைத்திருந்தான்.

முன்ஜாமீன் மனுப் போட, வக்கீல் இர்பான், ஆம்பூர்க்காரர், அங்கேயே வந்து பேசினார்.

"நான் நல்லவள்னு ஜட்ஜ்கிட்ட சொல்வீங்களா சார்?"

"அதை இப்ப யாரும் முடிவு பண்ண மாட்டாங்கம்மா. புகார் எவ்வளவு பெரிசு, கைது பண்ணாம விட்டா ஓடிப்போவீங்களா, அந்தப் பொண்ணை மிரட்டுவீங்களா, விசாரணைக்குக் கூப்பிட்டா வருவீங்களா. இதைத்தான் பாப்பாங்க."

"நான் கைக்கு சார், எதுக்கு ஓடப்போறேன்? மாடிப்படி ஏறவே முட்டி விடமாட்டேங்குது."

ஆனால் கெடுத்தது இருதயராஜ். ரயில்வே குடும்பத்தில் கஷ்டம் வந்தால் கை தானாக இலவச ரயில் பாஸுக்குத்தான் போகும். ஜாமீன் கிடைத்த கையோடு வருகிறோம் என்று மாதாவிடம் நேர்ந்துகொண்டு, வக்கீலிடம் ஒரு வார்த்தை கேட்காமல், இருவருக்கும் வேளாங்கண்ணிக்குப் பாஸ் எழுதிப் போட்டுவிட்டார். வொர்க்‌ஷாப்புக்கு விசாரிக்க வந்த போலீசுக்கு அது லட்டு மாதிரி கிடைத்தது.

"மகன் ஏற்கெனவே நாட்டை விட்டுப் போய்விட்டான். தாயும் ஊரை விட்டுக் கிளம்பத் தயாராகிறார்" என்று கோர்ட்டில் அரசு வழக்கறிஞர் அடித்துப் பேசினார். நீதிபதி வழக்கைத் தள்ளிவைத்தார். அதுவும் வெள்ளிக்கிழமைக்கு.

"ஜாமீனுக்கு வேண்டிக்கப் போய் ஜாமீனுக்கே உலை வெச்சுட்டீங்களேய்யா!" என்று ஆரோக்கியமேரி கணவரைப் பிடித்துக் காய்ச்சினாள். அவரைத் திட்டித் தீர்த்த பிறகு அவளுக்கு அழுகைதான் வந்தது.

இர்பான் விடவில்லை. பாஸை ரத்து செய்யவைத்தார். வருஷா வருஷம் வேளாங்கண்ணித் திருவிழாவுக்கு இந்தத் தம்பதி போய்த் திரும்பியதற்கு, பாஸ் கொடுக்கும் அதே ஆபீஸில் சான்று வாங்கி நீட்டினார். வெள்ளிக்கிழமை முன்ஜாமீன் கிடைத்தது, நிபந்தனைகளோடு. ஹைதராபாத்தை விட்டு வெளியே போகக்கூடாது. ஷர்மிளா பக்கம் தலைகாட்டக்கூடாது. ஞாயிறுதோறும் நிலையத்துக்குப் போய்க் கேட்ட கேள்விக்குப் பதில் சொல்ல வேண்டும்.

அன்றே மோகன் போன் செய்தான். "அம்மா, எல்லாம் பொய்னு மட்டும் சொல்லிடு. வேற எதுவும் பேசாதே."

ஞாயிற்றுக்கிழமை, பூசை நேரத்தில், காவல் நிலையத்துப் பெஞ்சில் உட்கார்ந்திருந்தாள். பெண் இன்ஸ்பெக்டர் தெலுங்கில் நிதானமாகக் கேட்டார்: மகன் அடித்தானா, உங்களுக்குத் தெரியுமா?

ஆமாம் என்றால் பெற்ற பிள்ளை போலீசுக்குப் பயந்து ஊர்ப்பக்கமே வரமாட்டான். இல்லை என்றால் அந்தப் பெண்ணை இரண்டாவது முறை அடிவாங்க விடுவது போல. லாக்கப்புக்குப் பயந்த பயமெல்லாம் இதற்கு முன்னால் ஒன்றுமே இல்லை.

"ஹவ், ஆமா" என்றாள். "பக்கத்து ரூம்லதான் இருந்தேன்."

வெளியே வந்ததும் போன் அடித்தது. மோகன்தான்.

"என்னம்மா சொன்னே?"

"கேட்டதுக்குச் சொன்னேன்."

"என்னை மாட்டிவிட்டுட்டியா?" என்று கத்தினான்.

"நீ வந்து உன் பதிலைச் சொல்லு, மோகன். நான் எங்கயும் போக மாட்டேன், இங்கயேதான் இருப்பேன். ஜட்ஜ் உத்தரவு."