மாடி போர்ஷனில் பால் காய்ச்சிய ஷூட்டிங்

தாம்பரத்தில் பார்சல் ஆபீஸ் கவுன்டரில் முப்பது வருஷம் உட்கார்ந்தவன் நான். கத்துகிறவர், கெஞ்சுகிறவர் எல்லாருக்கும் ஒரே முகம்தான். ரிட்டயரான பிறகு அந்த முகத்துக்குத்தான் வேலை வந்தது.

யூடியூப் காமெடித் தொடர். பெருங்களத்தூரில் வாடகைக்கு வரும் ஜெர்மன்காரரை ஹவுஸ் ஓனர் படுத்துகிற கதை. ஜெர்மன்காரராக மார்ட்டின், நிஜ ஜெர்மன்காரர், தமிழ் கற்றவர். ஹவுஸ் ஓனராக நான், சொந்தப் பெயரில், சொந்த வீட்டில். டைரக்டர் நிவேதா முதல் நாளே கறாராகச் சொல்லிவிட்டாள்.

"நடிக்கவே வேணாம் அங்கிள், நீங்களா இருங்க. ஆனா சிரிச்சீங்கன்னா வேற ஆளைப் போட்டுடுவேன்."

பல்லாவரத்தில் ஒருவரைப் பார்த்தும் வைத்திருந்தாள். வீட்டில் சும்மா கிடந்து மனைவியிடம் பாட்டு வாங்கி அலுத்திருந்த எனக்கு இந்த வேலையை விட மனசில்லை.

மாடி போர்ஷன் நிஜமாகவே காலி. பேச்சிலருக்குத் தருவதில்லை என்று எத்தனையோ பேரைத் திருப்பி அனுப்பியிருக்கிறேன். அங்கேதான் முதல் காட்சி, பால் காய்ச்சுவது. பால் பொங்கியதும் நான் கும்பிட வேண்டும், அவ்வளவுதான். பால் விளிம்புக்கு வந்ததும் மார்ட்டின் பாய்ந்து அடுப்பை அணைத்தார். ஒரு சொட்டுகூடச் சிந்தவில்லை என்று அவருக்குப் பெருமை வேறு.

எனக்குப் பகீரென்றது. கேமராவை மறந்து எழுந்துபோய் அடுப்பைத் திரும்பப் பற்றவைத்தேன்.

"கொட்டிடும் சார்."

"கொட்டணும். பொங்கி வழிஞ்சாதான் வீடு உங்களுது."

"எவ்வளவு கொட்டணும்?"

"அடுப்பு மேடை நனையட்டும்."

நனைந்தது. மார்ட்டின் மேடையைப் பார்த்தார், என்னைப் பார்த்தார், கையை நீட்டினார்.

"சரி, சாவி குடுங்க."

இது ஸ்கிரிப்டில் இல்லை. நிவேதாவும் கட் சொல்லவில்லை. வயிற்றிலிருந்து சிரிப்பு கிளம்பியது. பல்லாவரத்துக்காரரை நினைத்து நாக்கைக் கடித்துக்கொண்டு, இடுப்பிலிருந்த மாடி போர்ஷனின் நிஜச் சாவியையே கொடுத்துவிட்டேன்.

ஷாட் ஓகே. எல்லாரும் கை தட்டினார்கள். நான் சாவியைத் திருப்பிக் கேட்கப் போனேன். நாலு மாதமாக ஹோட்டலில் கிடப்பதாகவும், பார்த்த ஓனர் எல்லாரும் பேச்சிலர் என்று கையை விரித்ததாகவும் மார்ட்டின் சொன்னார். ஷூட்டிங் பார்க்க நின்றிருந்த என் மனைவி குறுக்கே வந்தாள்.

"பால் பொங்கின வீட்லேர்ந்து மனுஷனை அனுப்புவீங்களா?"

நடிக்க வருகிற தம்பிகளுக்கு ஒன்று சொல்வேன். நீங்களாகவே நடியுங்கள், தப்பில்லை. பொங்கிவிடாதபடி பாலில் மட்டும் நிறையத் தண்ணீர் கலந்துவிடுங்கள். மார்ட்டின் குடிவந்து ஒரு வருஷம் ஆகிறது. இதை எழுதிக்கொண்டிருக்கும்போதுதான் வந்து, மாடியில் தண்ணீர் வரவில்லை என்று புகார் சொல்லிவிட்டுப் போகிறார், முகத்தில் ஒரு சலனமும் இல்லாமல்.