சாவியோடு ஒரு போட்டோ

இரண்டு வருடமாக எங்கள் போனை எடுக்காத பில்டர் ஆபீஸிலிருந்து இன்று காலை அவர்களாகவே கூப்பிட்டார்கள். "மேடம், சாவி ரெடி. சாரையும் கூட்டிட்டு வாங்க."

வீடு தாமதமானதற்கு இழப்பீடு கேட்டு நாங்கள் கொடுத்த புகார் அடுத்த வாரம் விசாரணைக்கு வருகிறது. எனக்கு அப்போதே உறுத்தியது. கணவருக்கோ சந்தோஷத்தில் தலைகால் புரியவில்லை.

கச்சிபௌலியில், எங்கள் வீடு வரும் கட்டடத்தின் கீழ்த்தளத்திலேயே இருக்கும் ஆபீஸில் பூங்கொத்து, மைசூர்பாகு, சால்வை. மேனேஜர் இதே ஊரில் மெட்டுகுடா ரயில்வே காலனியில் வளர்ந்த தமிழராம். ரிப்பன் கட்டிய சாவியை நீட்டியபடி கேமராவைப் பார்த்துச் சிரித்தார்.

"போட்டோவுக்கு முன்னாடி வீட்டை ஒரு தடவை திறந்து பாத்துடறோம்," என்றேன்.

"லிஃப்ட் இன்னும் போடல மேடம்."

"பரவால்ல, நடந்தே ஏறறோம்."

"நக்கோ, வேண்டாம் மேடம், மேல டைல்ஸ் வேலை நடக்குது. இப்ப ஒரு போட்டோ போதும். எடுத்ததும் சாவியைத் திருப்பிக் குடுத்துடுங்க, அடுத்த ஃபேமிலி வெளிய வெயிட்டிங்."

கணவரின் சிரிப்பு அப்போதுதான் நின்றது. சால்வையைக் கழற்றி நாற்காலியில் வைத்தார். "வீட்டை ஒப்படைச்சாச்சுன்னு விசாரணையில காட்டத்தானே இந்தப் போட்டோ?"

மேனேஜர் போட்டோகிராபரிடம் கேமராவை இறக்கச் சொல்லிக் கைகாட்டினார்.

படம் எடுக்காமலே வெளியே வந்தோம். பட்டுப்புடவையில் காத்திருந்த அந்தக் குடும்பத்திடம் நடந்ததைச் சொன்னேன். அவர்கள் என்னைத்தான் சந்தேகமாகப் பார்த்தார்கள்.

புது வீட்டுச் சாவியோடு சிரித்துப் படம் போட்ட நண்பர்களே, கோபித்துக்கொள்ளாமல் சொல்லுங்கள். அந்தச் சாவி இப்போது உங்கள் கையில்தான் இருக்கிறதா?