சவரிமுத்து கையை நீட்டிய நேரம்

மொரப்பூர் மாதேஸ்வரன் பட்டாளத்தை விட்டு வந்தபின் அரூரில் ஒரு மில்லில் வாயிற்காவல் பார்க்கிறார். கார்கில் சண்டையில் செத்துப்போன தோழன் சவரிமுத்துவின் உடலை இரண்டு நாள் முதுகில் சுமந்து வந்தவர் என்று அவருக்கு ஊரெல்லாம் பெயர். பொம்மிடியில் சவரிமுத்துவின் மனைவி சகாயமேரிக்கு அவர் கூடப்பிறக்காத அண்ணன். ஆண்டுதோறும் சர்ச்சில் நினைவுநாள் பூசை முடிந்ததும் அவள் வீட்டில் முதல் இலை அவருக்குத்தான். இருபத்தைந்து வருடமாக அந்தச் சோற்றை அவர் முழுதாகச் சாப்பிட்டதில்லை.

போன வருடம் பொம்மிடிப் பள்ளிக்கூடத்தில் சவரிமுத்து படத்தைத் திறந்துவைத்து மாதேஸ்வரன் பேசுவதாக ஏற்பாடு. அதற்கு நான்கு நாள் முன்பு சகாயமேரி வீட்டுக்குப் போனார். அவள் போட்ட நாற்காலியில் உட்காரவில்லை.

"தங்கச்சி, அவன் என்னாலதாம்மா செத்தான்."

எதிரி பிடித்திருந்த சிகரங்களுக்குப் பின்னால் ஊர்ந்து போய், அங்கே எத்தனை ஆள், எத்தனை பீரங்கி என்று பார்த்துச் சொல்வதற்குப் போன ஆறு பேரில் அவர்கள் இருவர். சுடக்கூடாது, இருமக்கூடக் கூடாது. மூன்றாம் நாள் பகலில் பாறை இடுக்கில் படுத்திருந்தபோது, பசி தாளாமல் மாதேஸ்வரன் ஒரு சாக்லேட்டைப் பிரித்தார். வெள்ளித்தாள் காற்றில் எழும்பியது. வெயிலில் அது மின்னினால் ஆறு பேர் கதையும் முடிந்தது. பக்கத்திலிருந்த சவரிமுத்து எட்டிப் பிடித்தான். தாள் கையில் சிக்கியது. தலை பாறைக்கு வெளியே தெரிந்துவிட்டது. ஒரே குண்டு. உடனே மூடுபனி இறங்கியதால் மற்றவர்கள் தப்பினார்கள்.

"நோட்டம் பாக்க அவனாத்தான் தலையத் தூக்குனான்னு ஆபீசருக்கு எழுதிக் குடுத்துட்டேன். தப்ப அவன் மேல போட்டுட்டேன்."

சகாயமேரி அந்த நாற்காலியைச் சுவரோரம் நகர்த்தினாள்.

"இத்தினி வருசமா எங்க வூட்டுல எப்படிண்ணா உக்காந்து சாப்டீங்க?"

அவளே தொடர்ந்தாள்.

"அவரு அசால்ட்டா இருந்து செத்துட்டாருன்னு எங்க மாமனார் சாவுற வரைக்கும் திட்டிட்டே இருந்தாருங்க. பள்ளிக்கூடத்துல இதையே சொல்லுங்க. மறைக்காம சொல்லுங்க."

சொன்னார். கைதட்டக் காத்திருந்த பிள்ளைகள் விழித்தார்கள். தலைமையாசிரியர் பாதியில் மைக்கை வாங்கப் பார்த்தார், மாதேஸ்வரன் விடவில்லை. முன்வரிசையில் தலைநிமிர்ந்து உட்கார்ந்திருந்த சகாயமேரி, முடிந்ததும் அவரிடம் பேசாமல் எழுந்து போனாள்.

அதன்பின் அவளிடமிருந்து போனே வரவில்லை. இந்த வருட நினைவுநாளுக்கு முந்தின வாரம் மகள் பிரியதர்ஷினிதான் கூப்பிட்டாள்.

"மாமா, பூசைக்கு அம்மா உங்கள வரச்சொன்னாங்க." கொஞ்சம் தயங்கினாள். "சாப்பாட்டுக்கு இருக்க வேணாமாம்."

"சரிம்மா, வந்துடறேன்" என்றார் மாதேஸ்வரன். மில்லில் அரைநாள் விடுப்புக்கு எழுதிக் கொடுத்தார்.