ரஞ்சனா மாமி வேலை கேட்டது

நயினார் ஸ்டோர்ஸ் கண்ணாடியில் அந்தக் காகிதம் மூன்று வாரமாக ஒட்டியிருந்தது. ‘தமிழ் எழுதப் படிக்கத் தெரிந்த ஆள் தேவை. கவுண்டர் வேலை.’ மும்பை மாட்டுங்கா மார்க்கெட் சந்தில் அதைப் படிக்கத் தெரிந்தவர்களுக்கு வேலை தேவைப்படவில்லை. வேலை தேவைப்பட்டவர்களுக்கு அதைப் படிக்கத் தெரியவில்லை. தாராவியிலிருந்து வருகிறவர்கள் வீட்டில் தமிழ் பேசினாலும் பள்ளியில் இந்தியும் மராத்தியும் படித்தவர்கள்.

ரஞ்சனாவுக்குப் படிக்கவும் தெரியும், வேலையும் வேண்டும்.

வயது ஐம்பத்து மூன்று. பிறந்தது, வளர்ந்தது, கல்யாணமாகிக் குடித்தனம் நடத்துவது எல்லாம் மாட்டுங்காவில்தான். மாறியது பில்டிங் மட்டும், அதுவும் அடுத்த தெருவுக்கு. பல்லார்ட் எஸ்டேட்டில் ஒரு கப்பல் ஏஜென்ட் ஆபீசில் இருபத்து நாலு வருஷம் டைப்பிஸ்டாக இருந்தாள். போன வருஷம் அந்த ஆபீசை மூடி, வேலையைச் சென்னைக்கு அனுப்பிவிட்டார்கள். கணவர் வைத்தீஸ்வரன் தாணேயில் ஒரு மருந்து கம்பெனியில் ஸ்டோர்ஸ் கிளார்க். மார்ச்சில் ரிடையர் ஆனார். பென்ஷன் கிடையாது. மகள் அம்மு பெங்களூரில் வேலைக்குச் சேர்ந்து ஒரு வருஷம்தான் ஆகிறது. அவளிடம் கை நீட்டக் கூடாது என்பதில் மட்டும் கணவன் மனைவி இருவருக்கும் விவாதமே வந்ததில்லை.

செம்பூரில் ஒரு பெரிய சூப்பர்மார்க்கெட்டில் ஆள் எடுக்கிறார்கள் என்று கேள்விப்பட்டு முதலில் அதற்குத்தான் முயன்றாள். விண்ணப்பம் மொபைலில். பிறந்த வருஷத்தைத் தேர்ந்தெடுக்கும் பட்டியல் 1990க்குக் கீழே இறங்கவில்லை. கட்டை விரலால் ஐந்தாறு தடவை தள்ளிப் பார்த்துவிட்டு போனைக் கவிழ்த்து வைத்தாள். அவளை வேண்டாம் என்று யாரும் சொல்லவில்லை. சொல்வதற்கே அங்கே ஆள் இல்லை.

ஒரு செவ்வாய்க்கிழமை, கூட்டம் ஓய்ந்திருந்த பதினோரு மணிக்கு, பயோடேட்டாவை உறையில் போட்டு எடுத்துக்கொண்டு நயினார் ஸ்டோர்ஸுக்குப் போனாள். இருபத்தேழு வருஷமாக அவள் வீட்டு மாசச் சாமான் அந்தக் கடையிலிருந்துதான் வருகிறது. நயினாருக்கு அறுபது நெருங்குகிறது. திருநெல்வேலிப் பக்கம் சொந்த ஊர், தாராவியில் வீடு. கல்லாவிலிருந்து எழுந்து நின்று உறையை இரண்டு கையாலும் வாங்கிக்கொண்டார்.

“அம்முவுக்கா மாமி? எப்போ? எந்த மண்டபம்?”

“கல்யாணப் பத்திரிகை இல்லை நயினார். பிரிச்சுப் பாருங்கோ.”

பிரித்தார். கண்ணாடியை மேலே தள்ளிக்கொண்டு படித்தார். ஷார்ட்ஹேண்ட் வேகம் வரை போய் நிமிர்ந்தார். “இது யாருக்கு மாமி?”

“எனக்குத்தான். ஆள் தேவைன்னு போட்டிருக்கேளே.”

அவர் முகத்தில் சிரிப்பு வந்து, பாதியில் நின்றது. சந்துப் பக்கம் ஒரு பார்வை பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினார். “மாமி, வீட்டுல எதும் சிரமம்னா ஒரு வார்த்தை சொல்லுங்க. சாமான் அது பாட்டுக்கு வரும். துட்டு பொறவு பாத்துக்கிடலாம்.”

“நான் கடன் கேட்க வரலை. வேலை கேட்க வந்தேன்.”

“அது எப்படி மாமி? கஸ்டமர வேலைக்கு வச்சா நான் எப்படி வேலை வாங்கதுக்கு? உங்களப் பாத்து, அந்த டப்பாவ எறக்கு, இந்தப் பையக் கட்டுன்னு என் வாயில வருமா? நல்லா இருக்கு நியாயம்!” உறையை அப்படியே திருப்பிக் கொடுத்தார். கூடவே, வேண்டாம் என்று சொல்லியும் கேட்காமல், நூறு கிராம் காப்பிப் பொடியும்.

மறுப்பில் இதைவிட மரியாதையானது இருக்க முடியாது. அதனால்தான் அதை எங்கே பிடித்து எதிர்ப்பது என்று அவளுக்குப் புரியவில்லை. வீட்டுக்கு வந்து, சாப்பிட்டு, பாத்திரம் கழுவும்போதுதான் அவர் சொன்ன காரணத்தைத் திரும்ப யோசித்தாள். அவர் வயதைச் சொல்லவில்லை, படிப்பைச் சொல்லவில்லை. கஸ்டமர் என்ற ஒன்றைத்தான் சொன்னார். அது மாற்றக்கூடிய விஷயம்.

ஒன்றாம் தேதி மாசச் சாமான் லிஸ்டை எடுத்துக்கொண்டு எதிர்வரிசையில் இருந்த குஜராத் கச்சிக்காரர் கடைக்குப் போனாள். துவரம்பருப்பு கொஞ்சம் பழையது, பாலக்காட்டு மட்டை அரிசி அங்கே கிடையாது. இருந்தாலும் வாங்கினாள். கொண்டுவந்து கொடுக்கிறோம் என்றதற்கு வேண்டாம் என்று, இரண்டு கையிலும் பையைத் தூக்கிக்கொண்டு நயினார் ஸ்டோர்ஸ் வாசல் வழியாகவே நடந்தாள். மறுநாள் சோப்பு. அதற்கு மறுநாள் எண்ணெய் டின்னோடு போனபோது நயினார் கடையை விட்டு இறங்கியே வந்துவிட்டார்.

“என்ன மாமி இது? என்ன கோவம்? சரக்குல எதும் கோளாறா?”

“கோவம் ஒண்ணும் இல்லையே. கஸ்டமரை வேலைக்கு வெச்சுக்க முடியாதுன்னேள். இப்போ நான் உங்க கஸ்டமர் இல்லை.”

நயினார் அவளையும் அவள் கையிலிருந்த எண்ணெய் டின்னையும் மாறி மாறிப் பார்த்தார். “கோர்ட்டுல இருந்திருக்க வேண்டிய ஆளு நீங்க,” என்றார் கடைசியில். “பத்து நாள் பாப்போம். சரிப்பட்டா இருங்க. சரிப்படலைன்னா நீங்களும் வருத்தப்படக் கூடாது, நானும் வருத்தப்பட மாட்டேன்.”

வேலை எளிமையானது. மாட்டுங்கா, செம்பூர் வீடுகளிலிருந்து மாமிமார்கள் சாமான் லிஸ்டைத் தமிழில் எழுதி, போட்டோ எடுத்து வாட்ஸப்பில் அனுப்புவார்கள். தினம் நாற்பது வரும். அதைப் படித்து ஆங்கிலத்தில் சீட்டு எழுத வேண்டும். சீட்டைப் பார்த்து ஒருவர் நிறுப்பார். பிறகு பையில் அடுக்கி, கட்டி, பேரெழுதி வைக்க வேண்டும்.

முதல் நாள் நயினார் தன் நாற்காலியை ஃபேனுக்கு நேராக இழுத்துப் போட்டு, “உக்காந்து எழுதுங்க மாமி,” என்றார். மற்றவர்களுக்கு டீ கண்ணாடி கிளாசில் வந்தபோது அவளுக்கு மட்டும் பக்கத்து ஓட்டலிலிருந்து டபராவில் காப்பி வந்தது.

பின்பக்கம் தானியம் புடைத்து எடை போடுகிறவள் பிச்சம்மாள். தாராவியிலிருந்து வருகிறாள், நாற்பத்தைந்து வயதிருக்கும். முறத்தைத் தட்டிக்கொண்டே சொன்னாள்: “கும்பிட்ட சாமி சரியில்ல எனக்கு. பதினோரு வருசமா நிக்கேன், ஒரு முக்காலி வந்தபாடில்ல. வந்த அன்னைக்கே சிம்மாசனம், காப்பி! ஆரத்தி எடுக்கதுதான் பாக்கி.”

ரஞ்சனா அப்போதே எழுந்தாள். காப்பியைக் குடித்துவிட்டு நாற்காலியை மடக்கிச் சுவரோரம் வைத்தாள். மறுநாள் டீயே போதும் என்றாள். நான்கு மணிக்குக் கால் வீங்கியது. ஆனால் பிச்சம்மாள் அன்று மாலை இரண்டாவது டீயை வாங்கிவந்து அவள் பக்கத்தில் வைத்தாள்.

“மாமி, ஒண்ணு சொல்லுதேன், கோவிச்சுக்கிடாதீங்க. நீங்க ஆறு மணிக்குப் போனதும் அண்ணாச்சி நீங்க கட்டுன பையப் பூராத்தையும் அவுத்து, சீட்டோட ஒத்துப் பாத்து, திரும்பக் கட்டுதாரு.”

“ஏன்? என்ன தப்பு?”

“இட்லி அரிசியும் பொன்னியும் மாறிப்போகுது. முடிச்சு நிக்க மாட்டேங்கு. இன்னும் என்னவோ.”

“என்கிட்ட சொல்லலாமே!”

“மாமிகிட்ட எப்படிச் சொல்லுவாரு? என்னைய ஏசாத நாளு கெடையாது. அதான் நான் இங்க இருக்கேன். உங்களுக்குப் பத்தாம் நாளு ஒரு தட்டுல பழமும் வெத்தலையும் வச்சுக் கையெடுத்துக் கும்பிட்டு அனுப்பிருவாரு, பாருங்க.”

அந்தத் தட்டு ரஞ்சனாவின் கண் முன்னால் தெளிவாகத் தெரிந்தது. நயினாரிடம் நேராகப் போய்க் கேட்டாள். “என் வேலையில என்ன குறைன்னு சொல்லுங்கோ. திருத்திக்கறேன்.”

“அய்ய, உங்க வேலையில என்ன மாமி கொறை!” என்று அவர் கல்லாவைத் திறந்து சில்லறையை அடுக்கத் தொடங்கினார். மறுநாளும் கேட்டாள். மறுநாளும் ஒன்றுமில்லை. ஏழு நாள் இப்படி ஓடிவிட்டது.

எட்டாம் நாள் காலையில் வாலாம்பாள் மாமி வந்தாள். பின்தெருவில் மூன்றாம் மாடியில் இருப்பவள், எழுபத்து நாலு வயது. லிஸ்ட் அனுப்புவதோடு சரி, கடைக்கு நேரில் வருவது அபூர்வம். கையில் முந்தின நாள் போன பை.

“நயினார்! ஒரு கிலோ வெல்லம் எழுதினா கால் கிலோ வந்திருக்கு. பில்லும் கால் கிலோவுக்கு. கோவில்ல நாளைக்கு நெய்ப்பாயசம் எங்காத்து உபயம். அம்பது பேருக்கு இதை வெச்சுண்டு நான் என்ன செய்யறது?”

அவர் கட்டிச் சரிபார்த்த பைதான். ஆனால் அவர் சரிபார்த்தது சீட்டை வைத்து. சீட்டில் கால் கிலோ என்றிருந்தது. நயினார் சீட்டை எடுத்தார், வாட்ஸப் படத்தைப் பார்த்தார். யார் கையெழுத்து என்று அவருக்குப் புரிந்துவிட்டது என்பது ரஞ்சனாவுக்கும் புரிந்தது. சீட்டை மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு அவர் பின்பக்கம் திரும்பினார்.

“ஏ பிச்சம்மா! என்னத்த நிறுக்க நீ? கண்ணு எங்க இருக்கு ஒனக்கு?”

பிச்சம்மாள் முறத்தோடு நின்றாள். “சீட்டுல இருந்ததத்தான் நிறுத்தேன் அண்ணாச்சி.”

“எதுத்துப் பேசாத!”

பிச்சம்மாள் ரஞ்சனாவைப் பார்க்கக்கூட இல்லை. முறத்தைக் கீழே வைத்துவிட்டு வெல்ல டின் பக்கம் போனாள். பத்து நாளில் இரண்டு நாள்தான் பாக்கி. பேசாமல் இருந்துவிடலாம். நயினாரும் அதைத்தான் எதிர்பார்த்தார். பேசினால், வேலைக்கு லாயக்கில்லை என்பதற்குத் தானே சாட்சி சொன்ன மாதிரி. அதுவும் பஜனையில் பக்கத்தில் உட்காரும் வாலாம்பாள் மாமி எதிரில். அவள் வந்ததிலிருந்து ரஞ்சனா அலமாரிப் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டுதான் நின்றிருந்தாள்.

“அவ மேல தப்பில்லை,” என்றாள். “கால் கிலோன்னு நான்தான் மாத்தி எழுதினேன்.”

வாலாம்பாள் எட்டிப் பார்த்தாள். “யாரு, ரஞ்சனாவா? நீ கவுண்டருக்கு அந்தப் பக்கம் என்ன பண்றே?”

“வேலை பார்க்கறேன் மாமி. உங்களுக்கு ஷுகர் ஏறியிருக்குன்னு போன வெள்ளிக்கிழமை சொன்னேளே. ஒரு கிலோன்னு பார்த்ததும்...”

“என் ஷுகரைப் பார்க்க டாக்டர் இருக்கார்டி! நான் எழுதினதை நீ வெட்டறதா?”

கேட்கும்போதுதான் ரஞ்சனாவுக்கே அது எவ்வளவு விசித்திரம் என்று உறைத்தது. எழுதும்போது அவளுக்கு ஒரு சந்தேகமும் வரவில்லை. நாற்பது லிஸ்டில் பாதிக்கு மேல் தெரிந்த வீடுகள். எந்த வீட்டில் யாருக்கு எது ஆகாது என்று அவளுக்குத் தெரியும். தெரிந்ததைப் பயன்படுத்துவது அக்கறை என்று நினைத்திருந்தாள்.

நயினார் “மாமி...” என்று ஆரம்பித்து நிறுத்தினார். தொண்டையைச் செருமினார். பிறகு வந்த குரல், இத்தனை நாள் பிச்சம்மாளுக்கு மட்டும் வந்த குரல்.

“இங்க பாருங்க! லிஸ்ட்டுல ஒரு கிலோன்னா ஒரு கிலோ. யாருக்கு ஷுகரு, யாருக்குப் பிரஷருன்னு பாக்க இது என்ன ஆஸ்பத்திரியா? உங்க அடுக்களையில நீங்க கூட்டுங்க, கொறைங்க. என் கடை லிஸ்ட்டுல கை வைக்கப்படாது! அதோட, ரவையும் சோப்பும் ஒரே பையில போட்டா உப்புமா எப்படி இருக்கும்? இட்லி அரிசிக்கும் பொன்னிக்கும் வித்தியாசம் தெரியாமலா இத்தனை வருசம் சமைச்சீங்க? முடிச்சப் பாரு, பள்ளிக்கூடத்துப் பிள்ள ஷூவுல போட்ட மாதிரி!”

ஏழு நாள் பாக்கி ஒன்றாகக் கொட்டியது. எதிரே கச்சிக்காரர் வாசலுக்கு வந்து பார்த்தார். பூக்காரி பார்த்தாள். ரஞ்சனாவுக்குக் காது சுட்டது. இருபத்து நாலு வருஷ ஆபீசில் அவள் தப்பு செய்தபோது மெமோ வந்திருக்கிறது. நடுத்தெரு கேட்க யாரும் கத்தியதில்லை. இதைத்தான் ஒரு வாரமாக அவள் போய்க் கேட்டுக்கொண்டிருந்தாள். கேட்டது கிடைத்தபோது அது நன்றாக இல்லை. ஆனால் அவர் சொன்ன ஒவ்வொன்றும் சரியாக இருந்தது.

“முக்கால் கிலோ நிறுத்துக் கட்டுங்க,” என்றார் நயினார்.

அவள் நிறுத்தாள், கட்டினாள். “இன்னும் இறுக்குங்க. ம். அப்படி.” வாலாம்பாள் பையை வாங்கிக்கொண்டு, ஏதோ கேட்க வாயெடுத்து, “நாளைக்குப் பாயசத்துக்கு வந்துடு,” என்று மட்டும் சொல்லிப் போனாள். இன்று சாயங்காலத்துக்குள் பஜனை கோஷ்டி முழுக்கத் தெரிந்துவிடும். தெரியட்டும் என்று ரஞ்சனாவால் உடனே நினைக்க முடியவில்லை.

பிச்சம்மாளிடம் நயினார் ஒன்றும் சொல்லவில்லை. சொல்லியிருக்கலாம். அவள் அதை எதிர்பார்த்த மாதிரியும் தெரியவில்லை. முறத்தை எடுத்துக்கொண்டு விட்ட இடத்திலிருந்து புடைக்கத் தொடங்கினாள்.

கொஞ்ச நேரம் கழித்துக் கல்லாவிலிருந்து, தலையை நிமிர்த்தாமலே, நயினார் சொன்னார்: “நாளைக்கு வரும்போது ஆதார் ஜெராக்ஸ் ஒண்ணு, பாஸ்போர்ட் சைஸ் போட்டோ ரெண்டு கொண்டாங்க. ரிஜிஸ்தர்ல பேரு ஏத்தணும். எட்டரைக்கு இங்க இருக்கணும். உங்களுக்கு வார லீவு செவ்வாக்கிழமை.”

“சரி,” என்றாள் ரஞ்சனா.

அடுத்த படத்தைத் திறந்தாள். மகாதேவன் வீட்டு லிஸ்ட். அவருக்கு ரத்த அழுத்தம்; தீபாவளிக்கு ஆஸ்பத்திரி வரை போய் வந்தவர். நாலாவது வரியில் ஆவக்காய் ஊறுகாய், ஒரு கிலோ. பேனா அங்கே ஒரு கணம் நின்றது. ஒரு கிலோ என்று எழுதிவிட்டு ஐந்தாவது வரிக்குப் போனாள்.